ஓட்டுக்குள் ஒரு கை
கால்வே நகர வார்ப்பு ஆலை முற்றத்தில் மழை தூறுகிறது. ஊற்றிய வெண்கலம் இறுகிவிட்டது. மேலே மூடியிருக்கும் சுட்ட மண் ஓட்டை உடைத்தால்தான் சிலை வெளியே வரும். சிற்பி டெர்வலா சுத்தியலை ஓங்கி ஓங்கி அடிக்கிறாள். தெறித்த சில்லு ஒன்று கன்னத்தைக் கிழிக்கிறது; ரத்தம் தாடையில் இறங்குவதை அவள் துடைக்கவில்லை. "மெதுவா அடி, உள்ள இருக்கிறது அப்பா!" என்று கத்துகிறான் அண்ணன் மாலகி. ஹர்லிங் என்னும் மட்டைப்பந்து ஆட்டத்தில் ஊருக்குக் கோப்பை வாங்கித் தந்தவருக்கு ஊர் கேட்ட சிலை அது. "தெரியும். அதான் அடிக்கிறேன்." "கையில மட்டை இருக்குல்ல?" "இல்ல. வெறும் முஷ்டி." "உனக்கென்ன பைத்தியமா? ஒரு நாளாவது நம்ம மேல கை வச்சிருப்பாரா அந்த மனுஷன்?" "அம்மாவோட பல்லு தானாவா விழுந்துச்சு?" "படியில விழுந்தாங்க. அந்தக் கைய நானே அறுத்துப் போடுறேன், பாரு." வெட்டும் இயந்திரத்தைத் தூக்கிக்கொண்டு அவன் நெருங்குகிறான். டெர்வலா கடைசி அடியை இறக்குகிறாள். ஓடு பிளந்து, கணுக்கள் புடைத்த முஷ்டி, மழைத்துளி பட்டு ஆவி கிளம்ப, அவன் தலைக்கு மேலே நிற்கிறது. இயந்திரம் சேற்றில் விழுகிறது. அறுபது வயது மாலகியின் இரண்டு முழங்கைகளும் தாமாகவே எழுந்து முகத்தை மறைத்துக்கொள்கின்றன.