நட்டவள் சாட்சி

“பாப்பாத்திங்கிறது நீங்கதானேக்கா? ஏரிக்குக் கீழ நஞ்சையில நடவு நட்டவங்க?”

கரும்பு வெட்டிக்கொண்டிருந்தவள் நிமிர்ந்தாள். ஐம்பது வயதிருக்கும். தோகை கிழித்த கோடுகள் முழங்கை வரை ஓடியிருந்தன.

“நான்தாம்மா. நீ யாரு?”

“எழில்மதி. கடைமடை அரங்கநாதன் பொண்ணு.”

மணலூர்பேட்டையைச் சுற்றி எந்தக் கொல்லையில் கரும்பு வெட்டு நடக்கிறது என்று விசாரித்து விசாரித்து, காலையிலிருந்து இவளைத்தான் தேடிக்கொண்டிருந்தாள் எழில்மதி. டிராக்டர் நிழலில் இருவரும் உட்கார்ந்தார்கள்.

எழில்மதி விஷயத்தைச் சொன்னாள். ஏரிக்குக் கீழே இருந்த பன்னிரண்டு ஏக்கர் நஞ்சையில் மண்ணைக் கொட்டி மனை போட்டு எட்டு வருஷம் ஆகிறது. வாய்க்காலும் அதோடு மூடிப்போனது. அன்றிலிருந்து அவள் அப்பாவின் எழுபது சென்ட்டும் காய்ந்து கிடக்கிறது. மனு மேல் மனு போட்டாள். மண்ணை அகற்றி மறுபடியும் நஞ்சையாக்கச் சொல்லிக் கலெக்டர் உத்தரவு போட்டார். மனைக்காரர்கள் ஹைகோர்ட்டுக்குப் போய் அதற்குத் தடை வாங்கிவிட்டார்கள்.

“அவங்க சார்புல கேஸ் போட்டது பெரியம்மாள்னு ஒருத்தி. மனையில போய்க் கேட்டா அந்தப் பேருல யாரையும் தெரியாதுங்கிறாங்க. ‘அது மேட்டு நெலம், தண்ணி நின்னதே இல்ல’ன்னு மனுவுல எழுதியிருக்குது. சேத்துல ஒரு நாள் கால வெச்சிருந்தா அப்பிடி எழுத மனசு வருமாக்கா?”

பாப்பாத்தி குடித்துக்கொண்டிருந்த தண்ணீரைக் கீழே வைத்தாள்.

“அப்பிடியா எழுதியிருக்குது?”

“ஆமாங்க்கா.”

“தண்ணி நிக்கலியாமா? முட்டி வரைக்கும் சேறு. எடுத்து வெச்ச கால இழுக்கிறதே பெரும்பாடு. தை மாசத்துலகூட வரப்பு காயாது.” அவள் பார்வை கரும்பைத் தாண்டி எங்கோ போனது. “நட்ட பயிரு பச்சை புடிக்கும் பாரு, அன்னைக்கு வேலை இல்லன்னாலும் போயி நின்னு பாத்துக்கினு இருப்பேன். ‘உன் பயிரா இது, இன்னா பாக்குற?’ன்னு நெலத்துக்காரரு வெரட்டுவாரு. மறுநாளும் போவேன்.”

எழில்மதி அவள் சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டாள்.

“எத்தினி வருசம்க்கா நட்டீங்க?”

“வயசுக்கு வர்றதுக்கு முன்னாடி எறங்கினேன். நெலத்துக்காரரு நெலத்த விக்கிற வரைக்கும் நட்டேன். இப்பவும் கனவுல நாத்து முடி கையில இருக்குது. முழிச்சிப் பாத்தா வெறுங்கை.”

அப்பாவும் இப்படித்தான். காய்ந்த மடையில் கை வைத்துப் பார்த்துவிட்டுத்தான் தினமும் வீட்டுக்குள் வருகிறார்.

“இதையே கோர்ட்டுல வந்து சொல்வீங்களா?”

பாப்பாத்தி வெட்டுக் கத்தியில் ஒட்டியிருந்த தோகையை வழித்துப் போட்டாள்.

“மண்ண எடுத்தா, வூடு கட்டினவங்க எங்க போவாங்க?”

“மாத்து எடம் குடுப்பாங்கன்னு சொல்றாங்க.”

“எங்க?”

“அது… இன்னும் சொல்லல.”

தூரத்தில் மேஸ்திரி குரல் கொடுத்தார். லோடு மூங்கில்துறைப்பட்டு ஆலைக்குப் போக வேண்டும். பாப்பாத்தி எழுந்து புடவையில் கையைத் துடைத்தாள்.

“நான் சொன்னத மட்டும்தானே எழுதியிருக்குற?”

“ஒரு வார்த்தை கூட்டலக்கா.”

“குடு. நின்ன தண்ணிய நிக்கலன்னு சொன்னா, நட்ட கையி அழுகிப்பூடும்.”

எழில்மதி மை டப்பாவைத் திறந்து நீட்டினாள். அவள் அதை ஒதுக்கிவிட்டுப் பேனாவை வாங்கி, டிராக்டர் சக்கரத்தின் மேல் தாளை வைத்து, ஒவ்வோர் எழுத்தாக எழுதிக் கொடுத்தாள்.

எழில்மதி வாங்கிப் பார்த்தாள். கோணல்மாணலாக எழுதியிருந்தது: பெரியம்மாள்.

“பாப்பாத்தின்னு ஊருல கூப்புடுறாங்க, பட்டாவுலயும் கேஸுலயும் இதான்மா பேரு,” என்றாள் அவள். “அத்தினி வருசம் நட்டும் அங்க ஒரு சாண் எனக்குன்னு இல்ல, மண்ணு கொட்டினப்புறம்தான் ரெண்டு சென்ட்டு என் பேருக்கு வந்துது.”