நாலாம் கடிதம்

பாதிரியாராகக் குருமடத்தில் படிக்கும் அண்ணன் கிளமென்ற் லீவில் வந்த இரவே நிரோஷினி அவனை எழுப்பினாள்.

"அண்ணா, பைபிளில பவுலின்ர பேரில வேற ஆக்களும் கடிதம் எழுதினவையெண்டு சொன்னனீங்களெல்லே, அது பாவமோ?"

"அவர் மரிச்ச பிறகு, சபை சோர்ந்துபோகக் கூடாதெண்டு சீடர் எழுதியிருக்கலாமாம். ஏனடி?"

"எல்லை தாண்டி மீன்பிடிச்சுப் பிடிபட்ட அப்பா அக்கரைச் சிறையிலயிருந்து போட்ட முதல் கடிதம்தான் அவற்ற. ரெண்டாவதும் மூண்டாவதும் நான் அவற்ற எழுத்தைப் பார்த்து எழுதினது. பிறகு ஒண்டும் வராததால அம்மா உடைஞ்சுபோவா எண்டு பயந்தன். இப்ப நாலாவது வந்திருக்கு, அது நான் எழுதேல்லை! அப்பா உயிரோட இருக்கிறார். வந்தாரெண்டால் நான் பிடிபடுவன்."

கிளமென்ற் நாலையும் விரித்து, பாடத்தில் பழகியபடி வரிவரியாக ஒப்பிட்டான். முதலாவதில் அப்பா அம்மாவைத்தான் நிறைய விசாரித்திருந்தார். நாலாவதில் முழுக்க நிரோ சாப்பிடவேண்டும், நிரோ படிக்கவேண்டும் என்றே இருந்தது.

"இதில அம்மாவைப் பற்றி ஒரு சொல்லும் இல்லையடி."

நிரோஷினி அம்மாவின் அறைப் பக்கம் திரும்பினாள். அங்கே இன்னும் விளக்கு எரிந்தது.

"அப்ப இது அம்மா எழுதினதோ... அப்ப, அப்பா?"