யார் முதுகில் யார்

முன்னாள் ராணுவத்தினரின் கதைகளைப் பதிவு செய்து புத்தகமாக்கும் தமயந்திக்கு இரண்டே பேரால் தலைவலி வந்தது. பனிமலையில் இருவரும் குண்டடிபட்ட அன்று, ஏகாம்பரம்தான் தன்னை ஆறு மைல் முதுகில் சுமந்து வந்து பிழைக்கவைத்ததாக ஜெயசீலன் சொல்லியிருந்தார். சுமந்தது ஜெயசீலன்தான் என்று ஏகாம்பரம் அடித்துச் சொன்னார். நாளை அச்சுக்குப் போக வேண்டும். உயிரைக் காத்தவர் பெயர் மாறிப்போனால் மகா பாவம். இருவரையும் ஒரே அறைக்கு வரவழைத்து கேமராவை ஓடவிட்டாள்.

“பெரிய மனுசன் பட்டத்த என் தலையில கட்டப் பாக்குறியா?” என்றார் ஏகாம்பரம்.

“டேய், வழி முழுக்க என் மோவாய் உன் தோள்ல இடிச்சுக்கிட்டே வந்துச்சுடா!”

“இடிச்சது என் மோவாய்! பாப்பாவுக்குச் செஞ்சே காட்டிடுவோம். குனி.”

“நீ குனிடா மொதல்ல.”

எழுபத்தெட்டு வயதில் இருவரும் ஒருவர் முதுகுக்குப் பின்னால் மற்றவர் போய்விடப் பார்த்து, கைத்தடியோடு வட்டமடிக்கத் தொடங்கினார்கள். யாரும் குனிவதாயில்லை. சிரிப்பில் இருவருக்கும் மூச்சு வாங்கியது. தமயந்தி கேமராவை நிறுத்தவில்லை. இடம் போதாது என்று பட்டதால் நாற்காலிகளை ஒவ்வொன்றாக வெளியே எடுத்துவைத்தாள்.