ஆயில்யம் முடியும்வரை

எலி குட்டி போட்டால், ஆய்வுக்கூடத்தில் எலிகளைப் பார்த்துக்கொள்ளும் பெனடிக்டா அந்தக் கூண்டில் சிவப்பு அட்டை ஒன்றைத் தொங்கவிடுவாள்: ‘பிரசவம். திறக்கக் கூடாது.’ பக்கத்தில் வருபவர்களுக்கு உதட்டில் விரல் வைத்துக் காட்டுவாள். மிரண்டால் தாய் எலி தன் குட்டிகளையே தின்றுவிடும். அந்த ஆய்வுக்கூடத்தில் எலிகளின் பேறுகாலத்தை ஆராயும் எழிலரசிக்கு, கூண்டுகளுக்கு நடுவில், மதியம் இரண்டு மணிக்கு வலி எடுத்தது. பெனடிக்டா அவள் வீட்டுக்குப் போன் போட்டாள். மாமியார்தான் எடுத்தார். போனை எழிலரசியிடம் கொடுத்தாள்.

“இன்னைக்கு ஆயில்யம்மா. ஆயில்யத்துப் பொண்ணு மாமியாருக்கு ஆகாதும்பாங்க. பொறக்கறது பொண்ணுன்னா நாளைக்கு அவள எந்த வீட்ல சேத்துப்பாங்க? ஏழேகாலுக்கு மகம் வந்துடும், ஏழரைக்கு ஆபரேஷன். அதுவரைக்கும் வலி நிக்க ஊசி போடச் சொல்லிடறேன். உன் வீட்டுக்காரன் கார் எடுத்துட்டு வருவான்.”

“தானா பொறக்கட்டும் அத்தை. ஆறு மாசமா இதத்தான் கேக்கறேன்.”

“அஞ்சு மணி நேரம்தானே கண்ணு. எனக்காகப் பொறுத்துக்கக் கூடாதா?”

அந்தக் கெஞ்சலை மறுத்து எழிலரசிக்குப் பழக்கமில்லை. “சரி அத்தை,” என்றாள். பெனடிக்டாவிடம் குடிக்கத் தண்ணீர் கேட்டாள்.

தண்ணீரோடு திரும்பியபோது கதவு உள்பக்கம் தாழிட்டிருந்தது. கைப்பிடியில் சிவப்பு அட்டை தொங்கியது. உள்ளே பல்லைக் கடித்துக்கொண்டு ஒரு முனகல். பெனடிக்டா தட்டுவதற்குத் தூக்கிய கையை இறக்கிக்கொண்டாள். கார் சாவியோடு படியேறி ஓடிவந்த எழிலரசியின் புருஷனைப் பார்த்து உதட்டில் விரல் வைத்தாள்.