ரப்பர் பந்து

பக்கவாதத்தில் விழுந்துபோன தனராஜின் வலது கையை, மனைவி எஸ்தர்தான் தினமும் காலையில் தூக்கித் தூக்கிப் பழக்கினாள். ரப்பர் பந்தை உள்ளங்கையில் வைத்து விரல்களை மடக்கிவிடுவாள். பிறகு, "எங்க, நீங்களாத் தூக்குங்க பாப்போம்" என்று குழந்தையிடம் கேட்பதுபோல் கேட்பாள். பார்க்க வந்த சொந்தக்காரர்கள் இவளைப்போல் உண்டா என்று மெச்சிவிட்டுப் போனார்கள்.

ஒருநாள் கை தானாகவே எழுந்தது. அவள் நெற்றியில் விழுந்திருந்த நரைமுடியை ஒதுக்கிவிடலாம் என்றுதான் நினைத்தார். அதற்குள் எஸ்தர் கண்களை இறுக மூடிக்கொண்டு, முழங்கையால் முகத்தை மறைத்தபடி சுவரோரம் ஒடுங்கிவிட்டாள். பந்து கட்டிலுக்கடியில் உருண்டது. கல்யாணமான வருஷத்திலிருந்து அவர் பார்த்துவரும் முழங்கைதான். அடிக்க நினைக்காமல் அதைப் பார்த்தது இதுதான் முதல்முறை.

"பழக்கதோஷம்" என்று அவளே சிரிக்கப் பார்த்தாள்.

மறுநாள் பயிற்சி சொல்லித்தரும் பெண் உற்சாகமாக வந்தாள். "நேத்து கை மேல வந்துச்சாமே சார்! அம்மா போன்ல சொன்னாங்க. எங்க, தூக்குங்க."

தனராஜ் மடியில் கிடந்த கையைக் கொஞ்சநேரம் பார்த்தார்.

"வரலம்மா."

எஸ்தர் அவர் முகத்தையே பார்த்தாள். பிறகு குனிந்து பந்தை எடுத்து, அவர் உள்ளங்கையில் வைத்து, ஒவ்வொரு விரலாக மடக்கத் தொடங்கினாள்.