இன்னும் சத்தமா, சார்!

"சார், இன்னும் கொஞ்சம் சத்தமா வாசிங்க!"

கதவைத் திறந்த விமலுக்குத் தன் காதையே நம்ப முடியவில்லை. துபாய் இன்டர்நேஷனல் சிட்டியில் குடிவந்த நாள் முதலாகப் பக்கத்து வீட்டுக்காரர் சண்டைக்கு வருவார் என்றுதான் பயந்துகொண்டிருந்தான். வந்தவரோ ஒரு தட்டு வடையோடு நின்றார்.

"நான் பத்மநாபன். வாசிப்புன்னா இதுதான் சார் வாசிப்பு, சுவரே அதிருது! சனிக்கிழமை நம்ம வீட்டுக்குச் சிலர் வர்றாங்க. அப்போ நீங்க இதைவிட ஜோரா வாசிக்கணும்."

விமல் ஃபங்க் கிட்டார்காரன். தந்தியை அமுக்கி, சுரண்டி, வெட்டி வெட்டி அடிக்கிற வாசிப்பு அது. சென்னையில் சினிமாப் பாட்டுகளுக்கு வருடக்கணக்காக வாசித்தான். பாட்டு ஓடினால் பேர் இசையமைப்பாளருக்கு, ஓடாவிட்டால், "அந்த கிட்டார்தான் கெடுத்துச்சு."

சில படங்களில் நடித்தும் இருக்கிறான். எல்லாவற்றிலும் கதாநாயகனின் தோளுக்குப் பின்னால், மங்கலாக. கடைசியில் துபாய் ஹோட்டல் ஒன்றில் பிரியாணி சாப்பிடுகிறவர்களுக்கு வாசிக்க வந்து சேர்ந்தான். அங்கே நிமிர்ந்து பார்த்தவர்கள்கூடத் தயிர்ப் பச்சடி கேட்கத்தான் பார்த்தார்கள்.

அப்படிப்பட்டவனுக்கு வீடு தேடி ஒரு ரசிகர்! விமலுக்குச் சந்தோஷத்தில் வடை தொண்டையில் இறங்கவில்லை.

சனிக்கிழமை ஆம்ப்ளிஃபயரை முழுக்கத் திருகிவிட்டு வெளுத்து வாங்கினான். நடுவில் மூச்சு வாங்க வெளியே எட்டிப் பார்த்தான். பத்மநாபன் வீட்டுக் கதவு திறந்திருந்தது. விருந்தாளி ஒருவர் சமையலறைக் குழாயைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தார். அவரோடு வந்த மனைவி சுவரைத் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

தாளம் போடுகிறாள் என்று விமல் பூரித்துப் போனான்.

அதற்கப்புறம் சனிக்கிழமைதோறும் ஆள் மாற்றி ஆள் வந்தார்கள். பத்மநாபனின் மனைவி நளினியும் கேசரி, போண்டா என்று கொடுத்தனுப்பிக்கொண்டே இருந்தாள்.

அந்தச் சமயத்தில்தான் சென்னையிலிருந்து பழைய நண்பர், இப்போது டைரக்டர், போன் செய்தார்.

"டேய் விமல், ஹீரோவோட அண்ணன் கிட்டாரிஸ்ட். வேஷமும் உனக்குத்தான், வாசிப்பும் நீதான். இந்தத் தடவ மூஞ்சி தெரியும்டா! சனிக்கிழமை இங்க இருக்கணும்."

விஷயத்தைச் சொன்னதும் பத்மநாபனுக்கு முகம் வெளிறிவிட்டது.

"சனிக்கிழமையா? ஐயோ, அன்னைக்குத்தான் சார் முக்கியமான ஒருத்தர் வர்றாரு. நீங்க இல்லேன்னா எங்க கதி என்ன ஆகறது?"

அவர் கண் கலங்கியே விட்டது. இதுவரை தனக்காக யார் கண் கலங்கினார்கள் என்று விமல் யோசித்துப் பார்த்தான். ஒருவரும் நினைவுக்கு வரவில்லை. டைரக்டரிடம் வர முடியாது என்று சொல்லிவிட்டான். கிட்டாரைத் தலைகீழாகப் பிடிக்கிற ஒரு சீரியல் நடிகருக்கு அந்த வேஷம் போய்ச் சேர்ந்தது.

சனிக்கிழமை விமல் உயிரைக் கொடுத்து வாசித்தான். வந்த முக்கியமானவர் லிஃப்டுக்குக்கூடக் காத்திராமல் படியிறங்கிப் போனார்.

இரண்டு வாரம் கழித்து, பத்மநாபனும் நளினியும் லட்டு டப்பாவோடு வந்தார்கள்.

"வீடு வாங்கிட்டோம் சார்! எல்லாம் உங்க புண்ணியம்."

"அட, எந்தப் பக்கம்?"

"நாங்க வாடகைக்கு இருக்கற இதே வீடுதான். விக்கணும்னு ஓனர் எத்தனையோ பேரைக் கூட்டிட்டு வந்தாரு, ஒருத்தரும் நிக்கல. கடைசியில வெறுத்துப்போய் விலையை இறக்கி எங்களுக்கே குடுத்துட்டாரு."

விமலுக்கு மனசு நிறைந்துவிட்டது. தன் ஒரே ரசிகருக்குத் துபாயில் சொந்த வீடு! லட்டை வாயில் போட்டுக்கொண்டு கிட்டாரை எடுத்தான்.

"உங்க வீட்டுக்காக ஸ்பெஷலா ஒண்ணு வாசிக்கட்டுமா சார்?"

பத்மநாபன் பாய்ந்து வந்து அவன் கையைப் பிடித்துக்கொண்டார்.

"ஐயோ, வேண்டாம் சார்! இனிமே அந்த வீட்டுல நாங்கல்ல குடியிருக்கணும்?"