பதினேழாவது புதன்கிழமை

டிலான் அந்தக் கிழமையின் பதினேழாவது புதன்கிழமையைச் சுவரிலிருந்து கிழித்தான். என்ன செய்வான், பாவம்! வியாழன் விடிந்தால் திருகோணமலைத் துறைமுகத்தில் நிற்கும் கப்பல் அவனை வேலைக்கு ஏற்றிக்கொண்டு போய்விடும். திரும்பி வர ஒரு வருடம்.

கிழித்த நாட்காட்டித் தாளைத் திரும்ப ஒட்டினால் அதே நாளை மறுபடி விடிய வைக்கும் பசை அவனிடம் இருந்தது. பழைய கப்பல் சாமான் விற்கிற கடையில் தூசிக்குள் கிடந்த போத்தல். இப்போது ஒரு சொட்டுத்தான் மிச்சம்.

யன்னலுக்கு வெளியே, பதினேழு அந்தியாய்ப் பார்த்த அதே வெளிச்சத்தில் அதே தோணி அசைந்துகொண்டிருந்தது.

"நாளைக்கும் பாரை மீனோ அப்பா?" என்றபடி மனைவி அஞ்சலினா அந்தத் தாளை எடுத்துக்கொண்டாள்.

அவன் விறைத்துப்போனான். "உமக்குத் தெரியுமோ?"

"கலண்டர் நானும் இருக்கிற வீட்டுச் சுவரிலதானே தொங்குது? மீன்காரர் பதினேழு தரம் ஒரே பகிடியை விட, பதினேழு தரமும் சிரிச்சனான்."

"பிறகேன் சொல்லேல்லை?"

"உங்களை அனுப்ப எனக்கு மட்டும் மனம் வருமே?"

"அப்ப தாரும், ஒட்டுவம். இன்னும் ஒரு நாள்."

"ஏலாது."

"ஏன் அஞ்சு?"

அவள் அவனுடைய கையை எடுத்துத் தன் வயிற்றில் வைத்தாள்.

"முதல் புதன்கிழமை கிளினிக்கில சொன்னவை, ஆறு கிழமைக் கருவாம். இண்டைக்கும் அதே ஆறு கிழமைதான். நீங்கள் ஒட்டிக்கொண்டே இருந்தால் பிள்ளை எப்ப அப்பா வளருறது?"

டிலான் கனநேரம் கையை எடுக்கவில்லை.

"விடியவே என்னை எழுப்பிவிடும் அஞ்சு" என்றான்.